கென் வென்டூரி: ஆட்டத்தால் நின்ற பெயரா, தொலைக்காட்சியால் நின்ற பெயரா?

ஜூன் 14, 2024. வாசகர் கேள்வி

கோல்ஃபின் அமெரிக்க ஓப்பன் நடக்கும் வாரம் என்பதால் கேட்கிறேன். கென் வென்டூரி வென்ற பெரும் போட்டி ஒன்றே ஒன்று, 1964இல். அவருடைய காலத்தில் அவரைவிடச் சிறப்பாக ஆடிய பலரை இன்று யாருக்கும் தெரியவில்லை. இவர் பெயர் மட்டும் நிற்பதற்குக் காரணம் சிபிஎஸ் தொலைக்காட்சியில் 35 ஆண்டுகள் உட்கார்ந்திருந்ததுதான். ஆட்டம் தீர்ந்துபோனவருக்குக் கிடைக்கும் ஓய்வூதியம்தானே வர்ணனை? மறுப்பவர்கள் மறுக்கலாம்.

ஜூன் 14, இரவு

மறுக்கிறேன். "ஓய்வூதியம்" என்ற சொல்லைத்தான் முதலில் மறுக்கிறேன்.

வென்டூரிக்குத் திக்குவாய். எப்போதாவது நாக்குத் தடுமாறுகிற வகை இல்லை. இந்தப் பையனுக்கு ஒருநாளும் பேச்சு வராது என்று பதின்மூன்று வயதில் பள்ளி ஆசிரியை தாயிடம் சொல்லிவிட்டார். இனி என்ன செய்யப்போகிறாய் என்று தாய் கேட்டார். தனக்குத் தெரிந்ததிலேயே மிகத் தனிமையான விளையாட்டை ஆடப்போவதாகப் பையன் பதில் சொன்னான். பழைய மட்டைகள் சிலவற்றை எடுத்துக்கொண்டு சான் பிரான்சிஸ்கோவின் ஹார்டிங் பார்க் மைதானத்துக்குப் போனான். பிற்காலத்தில் அவரே பேட்டிகளில் சொன்ன கதை இது.

அந்தப் பையன்தான் 1968 முதல் 2002 வரை நேரலையில் பேசினார். எழுதிவைத்துப் படிக்க முடியாத பேச்சு, திருத்த முடியாத பேச்சு. இதை ஓய்வூதியம் என்று எப்படிச் சொல்ல முடிகிறது?

எனக்கும் திக்குவாய். அதனால் இந்த இழையில் நான் நடுநிலை வகிக்கப்போவதில்லை.

ஜூன் 15, காலை

இரவு எழுதியதில் ஆட்டத்தைப் பற்றி எதுவுமே இல்லை. கேள்வி கேட்டவர் அதைச் சுட்டிக்காட்டியது நியாயம்தான். 1964ஐச் சொல்லிவிடுகிறேன்.

அதற்கு முன்னால் அவர் எந்த நிலையில் இருந்தார் என்பது முக்கியம். 1957 முதல் 1960 வரை பத்துப் போட்டிகளை வென்றவர். 1961இல் ஒரு கார் விபத்து. பெரிய காயம் இல்லை. ஆனாலும் அதன் பிறகு அவருடைய மட்டை வீச்சு பழைய இடத்துக்குத் திரும்பவே இல்லை. அடுத்த மூன்று ஆண்டுகளில் ஒரு வெற்றிகூடக் கிடையாது. 1964 அமெரிக்க ஓப்பனில் நுழைவதற்கே தகுதிச் சுற்று ஆட வேண்டியிருந்தது. அந்த வாரம் அவருக்குத் தெரிந்த பாதிரியார் ஒருவரிடமிருந்து ஆறு பக்கக் கடிதம் வந்தது. நம்பிக்கை இழக்காதே என்பதுதான் அதன் சாரம்.

இடம், வாஷிங்டனை ஒட்டிய பெதஸ்டாவில் உள்ள காங்கிரஷனல் கிளப். ஒரு சுற்று என்பது 18 குழி, மொத்தத்தில் குறைவான அடிகளில் முடிப்பவரே வெல்வார். முதல் இரண்டு நாளும் வென்டூரி அடித்தது 72, 70. முன்னிலையில் இருந்த டாமி ஜேக்கப்ஸ் இரண்டாம் நாள் 64 அடித்திருந்தார். வென்டூரி ஆறு அடி பின்னால். மூன்றாம் நாள் சனிக்கிழமை, ஜூன் 20. அக்காலத்து வழக்கப்படி ஒரே நாளில் இரண்டு சுற்று, 36 குழி. வெப்பம் நூறு டிகிரி ஃபாரன்ஹீட்டைத் தொட்டுக்கொண்டிருந்தது. போதாததற்குப் புழுக்கம்.

காலைச் சுற்றின் முதல் ஒன்பது குழிகளை 30 அடியில் முடித்தார். அப்புறம் உடம்பு கைவிட ஆரம்பித்தது. 17, 18 இரண்டிலும் குட்டையான புட்களை, அதாவது பந்தைக் குழிக்குள் உருட்டிவிடும் அடிகளை, தவறவிட்டார். கை நடுங்கியது. அப்படியும் 66. இடைவேளையில் உடைமாற்றும் அறைத் தரையில் படுத்துவிட்டார். கிளப் உறுப்பினரான மருத்துவர் ஜான் எவரெட் பார்த்துவிட்டு, மறுபடியும் வெயிலில் இறங்கினால் உயிருக்கே ஆபத்து என்று எச்சரித்தார். உப்பு மாத்திரை, குளிர்ந்த தேநீர், ஐஸ் வைத்த துண்டு. இவற்றோடு அந்த மருத்துவரும் கூடவே நடக்க, வென்டூரி 70 அடித்தார். மொத்தம் 278. ஜேக்கப்ஸைவிட நான்கு அடி குறைவு.

கடைசிப் புட் விழுந்ததும் குழிக்குள் கைவிட்டுப் பந்தை எடுத்துக் கொடுத்தது கூட ஆடிய ரேமண்ட் ஃபிளாய்ட். அவருக்கு வயது 21. அவர் கண்ணில் நீரைப் பார்த்த பிறகு தானும் அழுதுவிட்டதாக வென்டூரி சொல்லியிருக்கிறார். அடிக்கணக்கு அட்டையில் எழுதியிருந்த எண்களைப் படிக்கக்கூட அவரால் முடியவில்லை. அமெரிக்க கோல்ஃப் சங்கத்தின் ஜோ டே சரிபார்த்து, எல்லாம் சரி, கையெழுத்துப் போடலாம் என்றார்.

கேள்வி கேட்டவர் "ஒன்றே ஒன்று" என்று எழுதினாரே, அந்த ஒன்று இது.

ஜூன் 15, மாலை

"வெயில் ஜேக்கப்ஸுக்கும் அதே வெயில்தானே" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். உண்மை. ஜேக்கப்ஸ் மாலையில் 76 அடித்தார். அவரும் அதே 36 குழி நடந்தவர்தான். அவர் ஏன் தளர்ந்தார் என்று யாரும் கதை எழுதவில்லை என்பது அவருக்கு இழைக்கப்பட்ட அநீதி. ஒப்புக்கொள்கிறேன்.

இன்னொரு திருத்தம், நண்பர் ஒருவர் தனியாகச் சொன்னது. அந்த ஆண்டோடு 36 குழிக் கடைசி நாள் கைவிடப்பட்டு 1965 முதல் நான்கு நாள் போட்டி ஆனது. வென்டூரிதான் அதற்குக் காரணம் என்று நான் பல இடங்களில் சொல்லி வந்திருக்கிறேன். அது பாதிதான். ஞாயிற்றுக்கிழமையும் ஒளிபரப்பக் கிடைத்தால் தொலைக்காட்சிக்கு லாபம் என்பதும் ஒரு காரணம்.

ஜூன் 16

நேற்று ஒரு பின்னூட்டத்தில், "1964க்குப் பிறகு கைவலியால் அவர் வெல்லவே இல்லை" என்று எழுதிவிட்டேன். தவறு, அதுவும் பெரிய தவறு. அதே 1964 கோடையில் இன்னும் இரண்டு போட்டிகளை வென்றார். அடுத்த ஆண்டு இரண்டு கையிலும் மணிக்கட்டு நரம்பு நெருக்கம், விரல்களில் உணர்வே இல்லை, அறுவைச் சிகிச்சை. பட்டத்தைக் காக்க வந்த 1965 ஓப்பனில் பாதியிலேயே வெளியேறினார். ஆனால் 1966இல் மறுபடியும் வென்றார். பதினான்காவது வெற்றி, கடைசி வெற்றி. எங்கே தெரியுமா? ஹார்டிங் பார்க்கில். அவருடைய அப்பா மட்டையும் பந்தும் விற்கும் கடையைக் கவனித்துக்கொண்ட அதே மைதானத்தில், திக்கும் பையனாக அவர் முதல் பந்தை அடித்த அதே மைதானத்தில்.

இதை நான் எப்படி மறந்தேன் என்று தெரியவில்லை. அந்த மைதானத்தை ஒட்டிய மெர்சட் ஏரிக்கரையில் வாரத்துக்கு ஒருமுறை நடப்பவன் நான்.

ஜூன் 17

தொலைக்காட்சிக்கு வருவதற்கு முன்னால் 1956ஐச் சொல்லியாக வேண்டும்.

வென்டூரி அப்போது அமெச்சூர், அதாவது தொழில்முறை ஆட்டக்காரர் இல்லை, கார் விற்கும் வேலையில் இருந்தவர். அகஸ்டாவில் மாஸ்டர்ஸ், அதுவும் ஒரு பெரும் போட்டி. 66, 69, 75. மூன்று நாள் முடிவில் நான்கு அடி முன்னிலை. அன்றுவரை எந்த அமெச்சூரும் மாஸ்டர்ஸை வென்றதில்லை, இன்றுவரையும் இல்லை. கடைசி நாள் பலத்த காற்று. 80 அடித்தார். எட்டு அடி பின்னால் இருந்த ஜாக் பர்க் ஒரே ஓர் அடியில் வென்றார்.

மாஸ்டர்ஸைத் தொலைக்காட்சி முதன்முதலாகக் காட்டிய ஆண்டும் அதுதான், காட்டியது சிபிஎஸ். நாடே பார்க்க ஓர் இளைஞன் சரிந்ததை ஒளிபரப்பிய அதே நிறுவனத்தில்தான் பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து அவர் வேலைக்குச் சேர்ந்தார்.

1960இல் மறுபடியும் அகஸ்டா. முடித்துவிட்டு முன்னிலையோடு காத்திருந்தவரை ஆர்னால்ட் பால்மர் கடைசி இரண்டு குழிகளிலும் பர்டி (குழிக்கு வகுத்த அடிகளைவிட ஒன்று குறைவு) அடித்து ஓர் அடியில் தாண்டினார். அகஸ்டாவில் வென்டூரிக்கு ஒருநாளும் எதுவும் கிடைக்கவில்லை.

ஜூன் 18

பால்மர் பெயர் வந்ததும் எதிர்பார்த்த கேள்வி வந்துவிட்டது: 1958 மாஸ்டர்ஸ் விவகாரம்.

சுருக்கமாக: கடைசிச் சுற்று, 12ஆம் குழி. பால்மரின் பந்து குழியைச் சுற்றியுள்ள புல்தரைக்குப் பின்னால் ஈரத் தரையில் புதைந்தது. கிடந்தபடியே ஆடு என்றார் நடுவர். பால்மர் அப்படி ஆடி ஐந்து அடித்தார். பிறகு இரண்டாவது பந்தைப் போட்டு மூன்று அடித்தார். சில குழிகள் கழித்து, மூன்றே செல்லும் என்று குழு தீர்ப்பளித்தது. பால்மர் ஓர் அடியில் பட்டம் வென்றார். கூட ஆடியவர் வென்டூரி. இரண்டாவது பந்தை ஆடப்போவதை முன்கூட்டியே அறிவிக்கவில்லை, அதனால் விதிப்படி செல்லாது என்பது அவர் வாதம். 2004இல் வந்த தன் புத்தகத்திலும் அதை எழுதினார்.

முதலில் நான் அவர் பக்கம்தான் இருந்தேன். இந்த இழைக்காக மறுபடி யோசித்தபோது மனம் மாறியது. விதியைப் பற்றி அவர் சொன்னது சரியாகவே இருக்கலாம். ஆனால் 46 ஆண்டு கழித்து, தீர்ப்புச் சொன்ன குழுவினர் பெரும்பாலும் காலமான பிறகு அதைத் திறந்தது எனக்கு உவப்பாக இல்லை. நான் நேசிக்கும் மனிதர் ஒருவருக்கு ஆறாத காயம் இருந்தது என்று மட்டும் எடுத்துக்கொள்கிறேன். அந்தக் காயம் மைக்கின் முன்னால் வந்து பேசவில்லை என்பதும் என் கணக்கில் உண்டு.

ஜூன் 20

இன்றோடு அறுபது ஆண்டு. அதனால் நீளமாக எழுதுகிறேன். நேரம் இல்லாதவர்கள் தாண்டிப் போகலாம்.

நான் அமெரிக்கா வந்தது 1999இல். நான்கு பேர் தங்கிய அறையில் ஒரு பழைய தொலைக்காட்சி. ஞாயிறு மதியங்களில் சிபிஎஸ்ஸில் கோல்ஃப் ஓடும். எனக்கு விதிகூடத் தெரியாது. துணி மடித்துக்கொண்டே பார்ப்பேன், அல்லது கேட்பேன் என்று சொல்ல வேண்டும். வர்ணனையாளர் ஜிம் நான்ட்ஸின் வழுவழுப்பான குரல் ஒன்று. அதன் பக்கத்தில் கனமான, அவசரமில்லாத இன்னொரு குரல். சின்னச் சின்ன வாக்கியங்கள். ஒன்று சொல்வார், நிறுத்துவார். பந்து உருண்டு முடியும்வரை காத்திருப்பார். பிறகு இன்னொன்று சொல்வார். அந்த நிறுத்தங்கள் எனக்கு ஏனோ பிடித்திருந்தன. அவர் யார் என்று அப்போது தெரியாது.

2013 மே மாதம் அவருடைய மரணச் செய்தியில்தான் திக்குவாய் பற்றிப் படித்தேன். உலக கோல்ஃப் புகழ் மன்றத்தில் அவரைச் சேர்த்த சில நாட்களில் இறந்திருந்தார். மருத்துவமனையில் இருந்ததால் மகன்கள்தான் அந்த மரியாதையைப் பெற்றுக்கொண்டார்கள். செய்தியை அலுவலகத்தில் படித்துவிட்டு எழுந்து வெளியே போய் நின்றேன். நான் விரும்பிக் கேட்ட நிறுத்தங்கள் எங்கிருந்து வந்தவை என்று அப்போதுதான் புரிந்தது.

திக்குவாய் இல்லாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். எங்களுக்குச் சிக்கல் சொல் தெரியாததால் வருவதில்லை. சொல் தொண்டையில் தயாராக நிற்கும், முதல் ஒலி திறக்காது. "உடனே சொல்" என்ற நெருக்கடி இருந்தால் இன்னும் இறுகும். என் பள்ளியில் வருகைப் பதிவின்போது "உள்ளேன் ஐயா" என்று சொல்ல வேண்டும். அந்த "உ" எனக்கு வராது. பல நாள் வகுப்பில் உட்கார்ந்திருந்தபடியே வராதவன் ஆகியிருக்கிறேன். ஆசிரியர் ஒருவர் நான் சொல்லி முடிக்கும்வரை மொத்த வகுப்பையும் எழுந்து நிற்கவைத்தார். ஆனால் எல்லோரும் சேர்ந்து திருக்குறள் ஒப்பிக்கும்போது ஒரு எழுத்துகூடத் திக்கியதில்லை. சேர்ந்து சொல்லும்போதும் பாடும்போதும் திக்கல் விலகிக்கொள்வது எங்களில் பெரும்பாலோருக்கு உண்டு.

இப்போது கோல்ஃப் ஒளிபரப்பை நினைத்துப்பாருங்கள். ஒரே நேரத்தில் மைதானம் முழுக்கப் பலர் ஆடுகிறார்கள். தயாரிப்பாளர் காதில் பேசிக்கொண்டே இருப்பார். திடீரென்று படம் 18ஆம் குழியிலிருந்து 14க்குத் தாவும். ஆட்டக்காரர் புட் அடிக்கக் குனிவதற்குள் பத்து வினாடியில் சொல்ல வந்ததைச் சொல்லி முடிக்க வேண்டும். திக்குவாய்க்காரனைச் சித்திரவதை செய்ய ஒரு வேலையைத் தேடினால் இதைத்தான் கண்டுபிடிப்பார்கள்.

ஆனால் இதே விளையாட்டில் ஒரு கருணையும் இருக்கிறது. மட்டை பந்தைத் தொடும் நேரத்தில் எல்லோரும் பேசாமல் இருக்க வேண்டும், வர்ணனையாளர் உட்பட. வானொலியில் கிரிக்கெட் வர்ணனை கேட்டு வளர்ந்தவன் நான். சாத்தான்குளம் அப்துல் ஜப்பாரின் குரல் நிற்காமல் ஓடினால்தான் எனக்கு மைதானமே தெரியும். கோல்ஃபில் அப்படி இல்லை. மௌனமும் வர்ணனையில் ஒரு பகுதி. வென்டூரி அந்த மௌனத்தைத் தன் வீடாக்கிக்கொண்டார் என்பது என் எண்ணம். சிறுவயதில் அவர் தனியாகப் பந்தடித்தபடி தனக்குத்தானே பேசிப் பேசித்தான் நாக்கைப் பழக்கினார். பந்தும் பேச்சும் அவருக்குத் தொடக்கத்திலிருந்தே ஒரே பயிற்சி.

ஒப்பிட்டுப் பார்க்க ஜானி மில்லர் இருக்கிறார். அவரும் சான் பிரான்சிஸ்கோக்காரர், அவரும் அமெரிக்க ஓப்பன் வென்றவர், 1973இல் ஓக்மான்ட்டில் கடைசிச் சுற்றில் 63 அடித்தவர். 1990இல் என்பிசி தொலைக்காட்சிக்கு வர்ணனையாளராக வந்ததுமே, நெருக்கடியில் ஆட்டக்காரர் பதறுவதைப் பற்றி வெளிப்படையாகப் பேசினார். பலருக்கு அது பிடித்தது. எனக்கும் மில்லரின் கூர்மை பிடிக்கும். ஆனால் குட்டைப் புட்டைத் தவறவிட்டவரைப் பார்க்கும்போது வென்டூரியின் குரல் தாழ்ந்துவிடும். அகஸ்டாவில் 80 அடித்தவருக்கு அது எப்படி இருக்கும் என்று தெரியும்.

அவருடைய கடைசி ஒளிபரப்பு 2002 ஜூன் மாதம், கெம்பர் ஓப்பன். அது நடந்த மைதானம் காங்கிரஷனலுக்குப் பக்கத்தில். முப்பத்தெட்டு ஆண்டுக்கு முன் தரையில் படுத்திருந்த அறைக்குச் சில மைல் தூரத்தில் மைக்கைக் கீழே வைத்தார்.

ஜூன் 21

கேள்வி கேட்டவரின் பதில்: "ஓய்வூதியம் என்ற சொல்லைத் திரும்பப் பெறுகிறேன். ஆனால் தொலைக்காட்சி இல்லாமல் அவர் பெயர் இவ்வளவு நின்றிருக்காது என்பதில் மாற்றமில்லை."

ஏற்கிறேன். இரண்டாவது பகுதியில் நமக்குள் சண்டை இல்லை. பேசியதால் நின்ற பெயர் என்றால் அது அவர் உழைத்துச் சம்பாதித்த பெயர்.

ஜூன் 24

திரைப்படத்தில் வந்தாரே என்று கேட்டவருக்கு: ஆம், 1996இல் வந்த "டின் கப்" படத்தில் வர்ணனையாளராக, தானாகவே வருகிறார். 2000இல் பிரசிடென்ட்ஸ் கோப்பையில் அமெரிக்க அணித் தலைவராகவும் இருந்தார், அமெரிக்கா 21½க்கு 10½ என்று வென்றது. இரண்டைப் பற்றியும் எனக்கு அதிகம் சொல்ல இல்லை. ஒளிபரப்பின் இடையில் அவர் நடத்திய குட்டிப் பாடங்கள்தான் எனக்கு முக்கியம். மணல் குழியிலிருந்து பந்தை எப்படி எடுப்பது என்று ஒரு நிமிடத்துக்குள் சொல்லிவிடுவார். கேமராவை நேராகப் பார்த்து, முதல் சொல்லைத் தயங்காமல் தொடங்குவார். அந்த முதல் சொல்லை மட்டும் நான் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறேன்.

ஜூன் 30

ஒரு தாய் எழுதியிருக்கிறார். மகனுக்கு ஏழு வயது, திக்குகிறது, கோல்ஃபில் சேர்க்கலாமா என்று.

அம்மா, கோல்ஃப் அவனுக்குப் பிடித்தால் சேருங்கள், மருந்தாக வேண்டாம். வென்டூரி தனிமையைத் தேடிப் போனதை நான் மேலே பெருமையாக எழுதிவிட்டேன். இப்போது படித்தால் உறுத்துகிறது. பதின்மூன்று வயதுப் பையன் யாரோடும் பேசத் தேவையில்லாத விளையாட்டைத் தேட வேண்டிவந்தது துயரம். அவர் அதிலிருந்து மீண்டது அவருடைய திறமை. உங்கள் மகனுக்கு அந்தத் துயரம் தேவையில்லை.

அவன் திக்கும்போது சொல்லை நீங்கள் முடித்துவைக்காதீர்கள். "மெதுவாகச் சொல்", "மூச்சு விட்டுச் சொல்" என்பவையும் வேண்டாம். அவை அக்கறையோடு சொல்லப்படுபவைதான், ஆனால் தன் பேச்சில் தவறு இருக்கிறது என்றுதான் குழந்தைக்குக் கேட்கும். அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டு முடிக்கும்வரை காத்திருங்கள். வீட்டில் நீங்கள் கொஞ்சம் நிதானமாகப் பேசுங்கள். பேச்சுப் பயிற்சியாளர் ஒருவரை இப்போதே பாருங்கள், வளர்ந்தால் போய்விடும் என்று தள்ளிப்போட வேண்டாம். பல குழந்தைகளுக்குப் போய்விடும் என்பது உண்மை. எனக்குப் போகவில்லை. பெரியவர்களில் ஏறத்தாழ நூற்றில் ஒருவருக்கு நிற்கிறது.

வகுப்பாசிரியரிடமும் ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள். வருகைப் பதிவுக்கு அவன் கையைத் தூக்கினால் போதும்.

ஜூலை 7

இன்று காலை ஹார்டிங் பார்க்கில் பந்தடிக்கும் இடத்துக்குப் போனேன். இத்தனை ஆண்டு வேலிக்கு வெளியே நடந்தவன், உள்ளே போனது முதல் முறை. 2020இல் பிஜிஏ சாம்பியன்ஷிப் என்ற பெரும் போட்டி நடந்த மைதானம் என்றாலும் நகராட்சிக்குச் சொந்தமானது, யாரும் போகலாம். 1998இல் பக்கத்து ஒலிம்பிக் கிளப்பில் அமெரிக்க ஓப்பன் நடந்தபோது இதன் புல்வெளியில் கார்களை நிறுத்தியிருந்தார்கள். அவ்வளவு கேட்பாரற்றுக் கிடந்த இடம். இப்போது சைப்ரஸ் மரங்களுக்கு நடுவில் பச்சையாக இருக்கிறது. ஏரிப் பக்கமிருந்து மூடுபனி வந்துகொண்டிருந்தது.

கடையில் இருந்த இளைஞர் என்ன வேண்டும் என்று கேட்டார். ஒரு வாளிப் பந்துகளைக் கேட்க வேண்டும், "பக்கெட்" என்ற சொல்லின் "ப" அடைத்துக்கொண்டது. சுவரில் இருந்த விலைப் பட்டியலைக் கைகாட்டியிருக்கலாம், வழக்கமாக அதைத்தான் செய்வேன். இன்று காட்டவில்லை. நின்றேன். அவரும் காத்திருந்தார். சொல் வந்தது.

நாற்பது பந்துகள். பெரும்பாலானவை தரையோடு தரையாக ஓடின. பக்கத்தில் யாரும் இல்லாததால் ஒவ்வொரு பந்துக்கும் தமிழில் வர்ணனை சொன்னேன், உரக்க. வலப்பக்கம் விலகுகிறது, மரத்தைத் தாண்டாது, விழுந்துவிட்டது. இருபதாவது பந்துக்கு மேல் எங்கே திக்கினேன் என்று கவனிக்க மறந்துவிட்டேன். அடுத்த ஞாயிறும் போகிறேன்.

ஏழு வயதுப் பையனின் தாய்க்கு: பயிற்சியாளரைப் பார்த்துவிட்டு வந்து இங்கே எழுதுங்கள்.